அறுபத்து நான்காவது அறை

17 அக்டோபர் 1983

என் ஆறாவது புத்தகம் இன்று தபாலில் வந்தது. தபால் நிலையக் கவுண்டரில் இருப்பவளே நான்தான் என்பதால், என் பொட்டலத்துக்கு நானே கையெழுத்து வாங்கி, நானே போட்டுக் கொடுத்தேன். வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள்.

தபால்கார நீர்நாய் கித்தோவின் ஆறாவது கதை. அட்டையில் கித்தோ பாலா ஏரியில் மல்லாந்து மிதந்தபடி ஒரு கடிதத்தைப் பிரிக்கிறது. படம் போட்டவர் கைக்கு முத்தம் கொடுக்கலாம்.

தெலேரி பள்ளிக்கூடத்திலிருந்து வந்ததும் காட்டினேன். ஒன்பது வயது. கையைத் துடைத்துக்கொண்டு வாங்கினாள், நடுப்பக்கத்தைப் பிரித்து மூக்கை உள்ளே விட்டு முகர்ந்தாள். “நல்ல வாசனைம்மா,” என்றாள். பிறகு படங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டு, அலமாரியில் மற்ற ஐந்தோடு ஆறாவதாக நிறுத்தி வைத்தாள். ஒரு வரி படிக்கவில்லை. அவளால் முடியாது.

வேல்ஸ் முழுக்கப் பிள்ளைகள் கித்தோவைப் படிப்பதாகப் பதிப்பாளர் மோர்வித் சொல்கிறார். என் வீட்டுப் பிள்ளை முகர்ந்து பார்க்கிறது.

புது நோட்டு, புதுப் புத்தகம் வந்த நாளில் ஆரம்பிக்கிறேன். இதைச் சமையலறை மேசையிலேயே போட்டுவைக்கப் போகிறேன். என் கணவன் இத்ரிஸ் அடுத்தவர் எழுதியதைத் தொடமாட்டான், அப்படி வளர்ந்தவன். தெலேரியைப் பற்றிப் பயமில்லை.

எழுதிவிட்டுப் பார்க்கிறேன் — பயமில்லை என்பதுதானே என் கஷ்டமே.

9 நவம்பர் 1983

பள்ளிக்கூடத்தில் வரச்சொல்லியிருந்தார்கள். ஆசிரியை திருமதி பேரி நல்லவர்தான். ஆனால் எனக்குப் போட்ட நாற்காலி சின்ன வகுப்புப் பிள்ளைகளுடையது. முழங்கால் மோவாயில் இடிக்க உட்கார்ந்து கேட்டுக்கொண்டேன்.

“தெலேரிக்கு மூளை இல்லாம இல்ல நெஸ்டா. வாயக் கொடுத்தா என்னையே மடக்கிடுறா. புத்தகத்தத் தெறந்தா மட்டும் பார்வை ஜன்னலுக்குப் போயிடுது. சோம்பேறித்தனம், வேற என்ன? நீங்களே எழுத்தாளர். வீட்டுல உக்கார வெச்சுப் படிக்க வைங்க.”

எழுத்தாளர் என்று என்னை இவ்வளவு குத்தலாக யாரும் சொன்னதில்லை.

திரும்பி வரும்போது தெலேரியிடம் கேட்டேன், படிக்கும்போது என்னதான்டி ஆகிறது உனக்கு என்று.

“எல்லாம் நெருக்கியடிச்சிட்டு நிக்குதும்மா. சந்தை நாள்ல ஆட்டை அடைச்சு வெச்சிருப்பாங்கல்ல, அப்படி. ஒண்ணப் பாத்துட்டு இருக்கும்போதே பின்னாடி இருந்து இன்னொண்ணு ஏறி முன்னால வந்துடும்.”

சோம்பேறிக்கு இப்படிச் சொல்ல வருமா?

19 டிசம்பர் 1983

இளம் விவசாயிகள் சங்கத்தின் கிறிஸ்துமஸ் குலுக்கலில் இத்ரிஸுக்குப் பரிசு விழுந்தது. போன வருடம் ஒரு வாத்து கிடைத்தது. இந்த வருடமும் வாத்து என்று அடுப்பைக்கூடத் துடைத்து வைத்திருந்தான். வந்தது கம்ப்யூட்டர். எழுத்து அடிக்கும் ரப்பர் சாவிகள் பதித்த கறுப்புப் பலகை. டிவியோடும் கேசட் ரெக்கார்டரோடும் சேர்த்துக் கட்ட வேண்டுமாம்.

“வாத்துன்னா வறுத்தாவது தின்னிருக்கலாம்,” என்றான். பால் லாரியை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

8 ஜனவரி 1984

வாத்தைவிட மேல்தான்!

இதற்கு நாம் சொல்வதைச் செய்யத் தெரியும். ஆனால் முழுசாகச் சொல்ல வேண்டும். “கதவைத் திற” என்றால் போதாது. எந்தக் கதவு, இல்லாவிட்டால் என்ன, பூட்டியிருந்தால் என்ன — எல்லாம். குழந்தைகளுக்குக் கதை சொல்லிப் பழகியவளுக்கு இது ஒன்றும் புதுசில்லை. “அப்புறம்?” “ஏன்?” “அது பொய் சொன்னா?” என்று விடாமல் கேட்கும் இன்னொரு பிள்ளை.

அணைத்தால் எல்லாவற்றையும் மறந்துவிடும். அதனால் எழுதிய நிரலைக் கேசட்டில் பதிவு செய்து வைக்க வேண்டும். மறுபடி வேண்டுமென்றால் கேசட்டைப் போட்டுக் கேட்க வைக்க வேண்டும். நமக்கு அது வெறும் கிறீச்சல். அதற்கு அதுதான் படிப்பு.

5 பிப்ரவரி 1984, ஞாயிறு

அடுத்த வீட்டு கெயின்வென் வேலிக்கு மேலே தலையை நீட்டி: “ஞாயித்துக்கிழமையும் அதுவுமா பன்னி அறுக்கறீங்களா நெஸ்டா?”

இனிமேல் சத்தத்தைக் குறைத்து வைக்க வேண்டும்.

26 பிப்ரவரி 1984

ஒன்று கவனித்தேன். தெலேரி அந்தத் திரை முன்னால் உட்கார்ந்தால் ஜன்னல் பக்கம் திரும்புவதே இல்லை.

கித்தோவை ஒரு விளையாட்டாக்கினால் என்ன? ஏரிக்குள் கடிதம் கொண்டுபோக வேண்டும். உறையில் முகவரி இருக்கும். படித்தால்தான் யாருக்கு என்று தெரியும். படிக்காமல் ஓர் அடிகூட நகர முடியாது.

தந்திரம்தான். பெற்ற பிள்ளையிடம் தந்திரம் பண்ணக் கூடாதா?

1 ஏப்ரல் 1984

இந்த இயந்திரத்துக்கு ஆங்கிலம் மட்டும்தான் தெரியும். நம் வெல்ஷ் எழுத்துகளில் சிலவற்றுக்குத் தலையில் சின்னக் கூரை உண்டு. அதெல்லாம் இதனிடம் இல்லை. எட்டுக்கு எட்டுக் கட்டம் போட்ட தாளில் எந்தக் கட்டம் கறுப்பு, எது வெள்ளை என்று நானே வரைந்து கொடுக்கிறேன். அப்படியே எல்லா எழுத்தையும் புதிதாக வரைந்துவிட்டேன். கொஞ்சம் பெரிசாக, தள்ளித் தள்ளி. நெருக்கியடிக்காமல்.

இத்ரிஸ் எட்டிப் பார்த்தான். “ஆறு புத்தகம் எழுதினவ இப்பத்தான் அ, ஆ எழுதப் பழகுறா,” என்றான்.

17 ஜூன் 1984

மோர்வித் கார்னார்வனிலிருந்து போன் பண்ணினார். ஏழாவது கித்தோ எங்கே என்று கேட்கத்தான். நான் விளையாட்டைப் பற்றி உளறிவிட்டேன். திட்டப் போகிறார் என்று நினைத்தேன்.

“எங்க அக்கா பசங்க நாள் பூரா இங்கிலீஷ்லயே சுட்டுத் தள்ளிட்டு இருக்காங்க நெஸ்டா. நம்ம பாஷையில ஒண்ணே ஒண்ணாவது இருக்கட்டுமே. முடிங்க. நான் போடறேன். அடுத்த வருஷம் ஆகஸ்டுல ஐஸ்டெத்வொட் கலை இலக்கிய விழாவுல நம்ம கடையில வெச்சிடலாம்.”

ஆக, இது இனிமேல் விளையாட்டு இல்லை.

22 ஜூலை 1984

இடம் போதவில்லை. இயந்திரத்தின் நினைவில் கொஞ்சம்தான் கொள்ளும். படமும் நிரலும் தின்றதுபோக வாக்கியங்களுக்கு மிஞ்சுவது கைப்பிடி அளவு. அறுபத்து மூன்று அறைகள். (ஏரியில் ஏது அறை? விளையாட்டு எழுதுகிறவர்கள் ஒவ்வோர் இடத்தையும் அறை என்கிறார்கள். நானும் சொல்லிப் பழகிவிட்டேன்.) முதல் அறைக்கு இப்படி எழுதியிருந்தேன்:

“பனி இன்னும் விலகாத அந்த அதிகாலையில், நாணல்களுக்கு நடுவே வெள்ளியாக மினுங்கிய தண்ணீருக்குள், தோளில் தபால் பையோடு கித்தோ மெல்ல மெல்ல இறங்கியது.”

இப்போது:

“விடிந்தது. தண்ணீர் குளிர்ந்தது. கித்தோ இறங்கியது.”

பிச்சைக்காரி மாதிரி ஆகிவிட்டேன். ஓர் எழுத்தைப் பிடுங்கி இன்னொரு வாக்கியத்துக்குக் கொடுக்கிறேன். நோட்டில் எழுதி வெட்ட நேரமில்லை. திரையிலேயே முணுமுணுத்துப் பார்த்து வெட்டுகிறேன். “ஜெபம் பண்றியா?” என்று இத்ரிஸ் கேட்கிறான்.

என் நல்ல வாக்கியங்கள் எல்லாம் போயின. துக்கமாக இருக்கிறது, உண்மையாகவே.

4 நவம்பர் 1984

முடிந்தது. கேசட்டின் இரண்டு பக்கத்திலும் பதிவு செய்து, மேல்விளிம்பிலுள்ள இரண்டு பிளாஸ்டிக் காதுகளையும் உடைத்துவிட்டேன். காது உடைந்த கேசட்டில் யாரும் மேலே பதிவு பண்ண முடியாது.

தெலேரியிடம் கொடுத்தேன். உதவமாட்டேன், ஒரு வார்த்தைகூடப் படித்துக் காட்டமாட்டேன் என்று எனக்கு நானே சத்தியம் செய்துகொண்டேன்.

25 நவம்பர் 1984

முடித்துவிட்டாள்!!! பன்னிரண்டு கடிதத்தையும் சேர்த்துவிட்டாள். கித்தோ திரையில் குட்டிக்கரணம் போட்டது. நானும் சமையலறையில் போட்டிருப்பேன், இடுப்பு இடம் கொடுக்கவில்லை. இத்ரிஸ் அவளைத் தூக்கிக்கொண்டு தெருவில் இறங்கிவிட்டான்.

திருமதி பேரியைத் தேநீருக்குக் கூப்பிட்டிருக்கிறேன். வந்து பார்க்கட்டும், யார் சோம்பேறி என்று.

2 டிசம்பர் 1984

எழுதவே பிடிக்கவில்லை.

திருமதி பேரி வந்தார். தெலேரி ஆடிக் காட்டினாள். அவர் பாராட்டினார், ரொட்டி சாப்பிட்டார், கிளம்பும்போது வாசலில் என் காதருகே: “கடிதங்களோட வரிசைய மாத்திப் பாத்தீங்களா?”

எனக்குச் சுருக்கென்றது. அவர் போனதும் மாற்றினேன். முகவரிகளை மட்டும் இடம் மாற்றி, ஒன்றும் சொல்லாமல் அவளை உட்கார வைத்தேன்.

மூன்று தடவை கீழே. இரண்டு தடவை வலது. ஒரு தடவை மேலே. விரல் தானாகப் போயிற்று. தவறான வீடு. திரும்பவும் அதே சாவிகள். தவறான வீடு. எந்தக் கடிதம் எந்தப் பக்கம் என்பதைக் காலடி எண்ணி மனப்பாடம் செய்திருக்கிறாள். ஒரு முகவரிகூடப் படித்ததில்லை.

“அப்போ இத்தன நாளும் நடிச்சியா?” என்றேன். சொல்லியிருக்கக் கூடாது. சொல்லிவிட்டேன்.

அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அழுதாள் என்று நினைக்கிறேன். பிறகு முதுகைக் காட்டிக்கொண்டே: “நீ அவ்வளவு சந்தோஷமா இருந்தியே. அதான் சொல்லல.”

நான் என்ன அம்மா? யாருக்காக இந்தப் பரீட்சை வைத்தேன்? பேரிக்காகவா, அவளுக்காகவா — என் பேருக்காகத்தான். எழுத்தாளர் மகள் படிக்கிறாள் என்று ஊர் சொல்ல வேண்டும். சீ.

9 டிசம்பர் 1984

தெலேரி கம்ப்யூட்டர் பக்கமே வருவதில்லை. நானும் கூப்பிடவில்லை. மாற்றிய முகவரிகளைப் பதிவு செய்யவில்லை; கேசட்டில் எல்லாம் பழையபடிதான்.

15 ஜனவரி 1985

இன்று தபால் நிலையத்துக்கு விடுப்பு. தெலேரி பள்ளிக்கூடத்தில். வீட்டில் நானும் மழையும்.

நிரலில் எங்கெங்கோ சுரண்டியதில் கொஞ்சம் இடம் மிஞ்சியது. ஏரியின் அடியில் இன்னோர் அறை வைத்தேன். அறுபத்து நான்காவது. வரைபடத்தில் கிடையாது. எந்தக் கடிதமும் அங்கே போகாது. அடியில் ஒரு கல். கல்லில் எழுதியிருப்பதைப் படித்து அதன்படி செய்தால்தான் வழி திறக்கும். சாவியை எண்ணி யாரும் அங்கே போக முடியாது.

அந்த அறையில் நாலு வாக்கியம் எழுதினேன். இந்தத் தடவை வாயைத் திறக்கவில்லை, முணுமுணுக்கவும் இல்லை. என்ன எழுதினேன் என்று இங்கேயும் எழுதமாட்டேன். யாரும் போய்ச் சேராத அறை. எழுதியதும் மனசு கொஞ்சம் ஆறியது, அவ்வளவுதான்.

புதிய கேசட்டில் இரண்டு பக்கமும் பதிவு செய்து, காதை உடைத்து, பழையதை அழித்தேன். விற்பனைக்குப் படியெடுக்கும் தேதியை மோர்வித் சொல்லட்டும் என்று காத்திருக்கிறேன்.

20 பிப்ரவரி 1985

வேலையிலிருந்து வந்தபோது கம்ப்யூட்டருக்குக் கரண்டு கொடுக்கும் மின்கட்டை தொட்டால் சுட்டது. காலையில் அணைக்க மறந்திருப்பேன். நாற்பத்திரண்டு வயதிலேயே இப்படியா?

13 மார்ச் 1985

மறுபடியும் மறந்திருக்கிறேன். இத்ரிஸிடம் சொன்னேன். “நான் தொடலம்மா. எனக்கு எங்க பாட்டுக்காரங்களக் கட்டி மேய்க்கறதுக்கே நேரமில்ல,” என்றான். ஆகஸ்டு விழாவில் அவனுடைய ஆண்கள் பாடகர் குழு போட்டிக்கு நிற்கிறது. பால் லாரி ஓட்டும்போதும் ஒரு கையால் தாளம் போடுகிறான். எதிரே வருகிறவர்கள் தங்களுக்குத்தான் வணக்கம் சொல்கிறான் என்று பதிலுக்குக் கை ஆட்டுகிறார்கள்.

18 ஏப்ரல் 1985, வியாழன்

மோர்வித் போன். கேசட் படியெடுக்கும் இடத்தில் செவ்வாய்க்கிழமை நாள் கிடைத்திருக்கிறது. விட்டால் செப்டம்பர்தானாம், விழா முடிந்துபோகும். திங்கள் காலை கேசட் அவர் கையில் இருக்க வேண்டும்.

கடைசியாக ஒரு தடவை ஓட்டிப் பார்க்கலாம் என்று கேசட்டைப் போட்டேன். கிறீச்சலுக்குப் பதில் இத்ரிஸின் குரல்:

“மேல்குரல்காரங்க மட்டும். வில்லியம், இத லாரியில போட்டுக் கேளு, நாலாவது அடியில நீ எப்பவும் வழுக்கற.” பிறகு பாட்டு. இரண்டு அடி, நிறுத்தம், மறுபடி இரண்டு அடி.

மறுபக்கம் திருப்பினேன். கீழ்க்குரல்காரர்கள்.

கம்ப்யூட்டர் பாட்டு முழுவதையும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தது, எங்கேயாவது நீர்நாய் வரும் என்று.

காது உடைந்த கேசட்டாயிற்றே? அவன் எல்லாக் கேசட்டின் உடைந்த காதுக்கும் ஒட்டுநாடா ஒட்டித்தான் பதிவு பண்ணுவான். பழைய பிரசங்கக் கேசட்டுகளின் மேலேயே குழுவுக்குப் பாட்டுப் பதிந்து கொடுத்துப் பழகினவன். எனக்குத் தெரியாதா? பத்து வருடமாகப் பார்க்கிறேனே. இரண்டு பிரதியையும் ஒரே கேசட்டில் வைத்த என்னை எதால் அடிப்பது?

வந்ததும் சொன்னேன். தொப்பியைக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்தான். “உன் நீர்நாயத் தண்ணியில முக்கிட்டேனே நெஸ்டா,” என்றான். கத்தலாம் என்றுதான் இருந்தேன். அந்த முகத்தைப் பார்த்தபின் முடியவில்லை.

19 ஏப்ரல் 1985

நிரல் பிழைத்தது. அது முழுக்கக் கட்டம் போட்ட நோட்டில் இருக்கிறது. இன்று வேலைக்குப் போகாமல் விரல் நோக முழுவதையும் திரும்ப அடித்தேன். ஆனால் வாக்கியங்கள்? எல்லாம் திரையிலேயே வெட்டி வெட்டி வைத்தவை. தாளில் ஒன்றுகூட இல்லை. முதல் அறை மட்டும் இந்த நோட்டில் இருக்கிறது. புதிதாக எழுதலாம் — நான்கு மாதம் வெட்டியதை இரண்டு நாளிலா?

மோர்வித்துக்குப் போன் பண்ணி, முடியாது என்று சொல்லிவிடப் போகிறேன். காலையில்.

20 ஏப்ரல் 1985, சனி

போனை எடுத்தேன். தெலேரி வந்து பக்கத்தில் நின்றாள்.

“அம்மா, எனக்குத் தெரியும்.”

“என்னடி தெரியும்?”

“எல்லா அறையும். எழுதிக்கறியா?”

கண்ணை மூடிக்கொண்டாள். கையைத் துடுப்பு மாதிரி வைத்துக்கொண்டாள், நீர்நாயாகவே ஆனவள்போல். “விடிந்தது. தண்ணீர் குளிர்ந்தது. கித்தோ இறங்கியது. கீழ போறேன். ரெண்டாவது: பாசி வழுக்கியது. பையைப் பிடித்துக்கொண்டது...”

அடித்தேன். ஒரு கமாவும் தவறவில்லை. நான் அன்று முணுமுணுத்ததையெல்லாம் கேட்டு வைத்திருக்கிறாள், காது அப்படி. மனப்பாடம் என்று எதைக் கேவலமாகப் பேசினேனோ அது இன்று வந்து என்னைக் கரையேற்றுகிறது. வாயைத் திறந்து மன்னிப்புக் கேட்க வந்தேன். “பேசாத, எனக்கு விட்டுப்போயிடும்,” என்றாள்.

சாயங்காலத்துக்குள் நாற்பது அறை. இத்ரிஸ் தேநீரைக் கதவுக்கு வெளியே வைத்துவிட்டு ஓசைப்படாமல் போகிறான்.

21 ஏப்ரல் 1985, ஞாயிறு

கல்யாணமானதிலிருந்து முதல்முறையாக ஆராதனைக்குப் போகவில்லை. கெயின்வென் கேட்டால் காய்ச்சல் என்று சொல்ல இத்ரிஸ் தயார். பொய் சொல்லத் தெரியாதவன், என்ன உளறி வைத்தானோ.

பகல் இரண்டு மணிக்கு அறுபத்து மூன்றாவது அறை முடிந்தது. நாற்காலியில் சாய்ந்து, “முடிஞ்சுதுடா கண்ணு,” என்றேன்.

“இன்னும் ஒண்ணு இருக்கே.”

“எது?”

“கல்லுக்குப் பின்னாடி.”

அவள் கண்ணை மூடியபடியே, மெதுவாக, ஒவ்வொரு சொல்லையும் தனித்தனியாக வைத்தாள்:

“இந்தக் கடிதத்தில் முகவரி இல்லை. இது உனக்குத்தான். அவசரம் ஒன்றும் இல்லை. நான் இங்கேயே இருப்பேன்.”

அதை யாருக்கும் நான் சொன்னதில்லை. இந்த நோட்டிலும் இல்லை. அன்று வாய்கூடத் திறக்கவில்லை.

“யாரு படிச்சுக் காட்டினா?”

“யாருமில்ல.”

“அப்பாவா?”

“நாந்தாம்மா. நீ ஆபீஸ்ல இருந்து வர்றதுக்குள்ள தெனமும் கொஞ்சம். அந்தக் கல்லுல இருக்கறதப் படிக்கவே ரெண்டு வாரம் ஆச்சு. ஆனா அது ஓடல. புத்தகத்துல எல்லாம் ஓடும். இது நான் சாவியத் தட்டுற வரைக்கும் அப்படியே நிக்கும். மூணே மூணு வார்த்தை, சுத்தி இருட்டு. ஆடு ஒண்ணொண்ணா வந்துச்சு.”

“மத்த அறையெல்லாம்?”

“எல்லாம் அப்படித்தான். உன் முணுமுணுப்பு யாருக்குப் புரியும்?”

“ஏண்டி என்கிட்ட சொல்லல?”

“சொன்னா நீ பரிட்சை வெப்பே.”

அந்த நாலு வாக்கியத்தையும் தட்டச்சு செய்துகொண்டே அழுதேன். சாவிப் பலகையில் தண்ணீர் விழுந்தால் கெட்டுவிடும் என்று அவள்தான் அதை நகர்த்தி வைத்தாள். இத்ரிஸ் ஓடிவந்து, இன்னொரு கேசட்டும் போய்விட்டதோ என்று வெளிறிப்போய் நின்றான்.

“ஒண்ணும் இல்லப்பா,” என்றாள் தெலேரி. “அம்மாவுக்குக் கடிதம் போய்ச் சேந்துடுச்சுன்னு தெரிஞ்சுது. அதான்.”

மின்கட்டை ஏன் சுட்டது என்று இப்போதுதான் புரிகிறது. மறதியும் இல்லை, ஒன்றும் இல்லை.

22 ஏப்ரல் 1985

இத்ரிஸ் பால் லாரியிலேயே கார்னார்வனுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தான். மூன்று கேசட். தனித்தனி உறை. ஒவ்வொன்றின் மேலும் தன் கையெழுத்தில்: “பாடாதே.”

8 ஆகஸ்ட் 1985

விழா. எங்கும் சேறு. பாடகர் குழுவுக்கு மூன்றாம் இடம். வில்லியம் நாலாவது அடியில் வழுக்கினான்.

மோர்வித்தின் கடையில் ஒரு டிவியை வைத்து விளையாட்டை ஓடவிட்டிருந்தார்கள். பிள்ளைகள் கூட்டம். ஒரு சின்னப் பெண் திரையில் விரலை வைத்து “தண்ணீர் குளிர்ந்தது” என்று சத்தமாகப் படித்துவிட்டு அம்மாவைத் திரும்பிப் பார்த்தாள். அந்த அம்மாவின் முகம் எனக்குத் தெரிந்த முகம்தான். என்னுடையது.

2 மார்ச் 1986

ஏழாவது கித்தோ. விளையாட்டு மாதிரியே எழுதினேன். பக்கத்துக்கு மூன்று வரி, பெரிய எழுத்து, சுற்றி வெறுமை. ஒரு வாக்கியத்துக்கு நாலைந்து சொல்லுக்கு மேல் இல்லை. எழுதும்போது ஒரு தடவைகூடப் பிச்சைக்காரியாகத் தோன்றவில்லை.

மோர்வித்: “நெஸ்டா, பாதிப் பக்கம் வெள்ளையா கெடக்கு. காகிதம் என்ன சும்மாவா வருது? ஜனங்க ஏமாத்தறோம்னு நெனைப்பாங்க.”

“அந்த வெள்ளையத்தான் நான் எழுதியிருக்கேன், மோர்வித். எழுத்த எடுத்தாலும் எடுங்க, வெள்ளைய எடுக்காதீங்க.”

நானா இப்படிப் பேசினேன்? அப்படியே போடுகிறேன் என்று சொல்லிவிட்டார்.

19 நவம்பர் 1986

திருமதி பேரி தபால் தலை வாங்க வந்தார். தெலேரி பெரிய பள்ளிக்குப் போய்விட்டாள். அவருக்கு இப்போது வேறு பிள்ளைகள். ஏழாவது கித்தோவை வகுப்பில் நான்கு பேருக்குத் தனியாகக் கொடுத்திருக்கிறாராம். “அந்த நாலு பேரையும் நான் சோம்பேறின்னுதான் நெனச்சிட்டு இருந்தேன்,” என்றார். பின்னால் வரிசை நின்றது. அவர் கையைப் பிடித்து அழுத்தினேன்.

தெலேரி இன்னும் மெதுவாகத்தான் படிக்கிறாள். வரிக்கடியில் அளவுகோலை வைத்துக்கொண்டு. களைத்தால் மூடிவிடுகிறாள். வரலாற்றுப் புத்தகத்தைத் திட்டுகிறாள். ஆனால் எனக்குப் புது விளையாட்டின் நிரலில் தப்புக் கண்டுபிடித்துக் கொடுக்கிறவள் அவள்தான். “நூத்திப் பத்தாவது வரியில உன் கித்தோ மூச்சு விட மறந்துடுச்சு, செத்துப்போயிடும்,” என்கிறாள். உண்மைதான், செத்துத்தான் போயிருக்கும்.

14 ஜூன் 1987

எட்டாவது புத்தகத்துக்காகப் பழைய குறிப்பு ஒன்றைத் தேடி, இந்த நோட்டை நடுவிலிருந்து புரட்டினேன்.

2 டிசம்பர் 1984. “அழுதாள் என்று நினைக்கிறேன்” என்ற வரிக்குப் பக்கத்தில், ஓரத்தில், பென்சிலில் கோணல் எழுத்து. என் எழுத்து இல்லை.

“அழல. கெயின்வென் தோட்டத்துல ஆடு பூந்துச்சு. அதப் பாத்துட்டு இருந்தேன்.”

பொய் சொல்கிறாள், களவாணி.

பக்கம் பக்கமாகத் திருப்பினேன். அங்கங்கே பென்சில். பேரியைப் பற்றி எழுதிய இடத்தில் ஒரு தாடி வரைந்திருக்கிறாள். இத்ரிஸின் கேசட் நாளில் “பாவம் அப்பா.” 15 ஜனவரியில், “இங்கேயும் எழுதமாட்டேன்” என்ற வரியின் கீழே ஒரு சின்னக் கல் படம்.

முதல் பக்கம், 17 அக்டோபர் 1983. “தெலேரியைப் பற்றிப் பயமில்லை” என்று நான் எழுதிய வரியின் கீழே அடிக்கோடு. அளவுகோல் வைத்து இழுத்தது. பக்கத்தில்:

“இனிமே பயப்படு.”

தேநீர் ஆறிவிட்டது.

15 ஜூன் 1987

காகிதக் கடையில் பூட்டும் சாவியும் வைத்த நாட்குறிப்பு ஒன்று பார்த்தேன். சிவப்புத் தோல் அட்டை, அழகுதான். கையில் எடுத்துப் பார்த்துவிட்டு வைத்துவிட்டேன்.

இந்த நோட்டு சமையலறை மேசையில்தான் கிடக்கும். பக்கத்தில் பென்சிலைச் சீவி வைத்திருக்கிறேன்.